தமையன் வேண்டாமாம்

வெள்ளி இரவு ஒன்பதரைக்குப் போகும் என்றார்கள்.
ஒன்பதுக்கே ஒழுங்கை அடங்கிவிட்டது.
படலைகள் சாத்துகிற சத்தம்,
பிறகு எல்லா யன்னலிலும் ஒரே நீலம்.
பாசையூரில் அன்றிரவு
என் தங்கச்சி
முப்பது வீட்டில் ஒரே நேரத்தில் செத்தாள்.

எடுக்க வந்தவர்கள் மரியாதையான பெடியங்கள்.
தேத்தண்ணி குடித்தார்கள்.
சுவரில் இருந்த அவளைப் போனில் படம் பிடித்தார்கள்.
"அவ எப்பிடிச் சிரிப்பா?" என்றான் ஒருவன்.
வாயைப் பொத்திக்கொண்டு, என்றேன்.
எழுதிக்கொண்டான்.
போகும்போது படலையடியில் நின்று,
"குறை நினையாதேங்கோ அண்ணை,
கதை நீளுது.
தமையன் வேண்டாமெண்டு மேல சொல்லிப்போட்டினம்."

டெல்சியா, திரையில் கயல்.
கழுத்தில் சிலுவை இல்லை.
மருந்துக்கடை புடவைக்கடை ஆகியிருந்தது.
சைக்கிள் சிவப்பு.
அவளுடையது கறுப்பு, மணி அடிக்காது.
இப்பவும் நீதிமன்றக் களஞ்சியத்தில் நிற்கிறது
காற்றுப்போன பின் ரயரோடு,
காண்டிலில் ஒரு மட்டை,
மட்டையில் ஒரு இலக்கம்.

கொன்றவனுக்கு
ஒரு சின்ன வயதைக் கொடுத்திருந்தார்கள்,
குடிகாரத் தகப்பன், மழை, வயலின்.
அம்மாவாக வந்த நடிகை
அம்மாவைவிட நல்லாய் அழுதாள்.
அம்மா அன்று அழவேயில்லை.
மூன்று நாள் குசினிக்குள்
ஒரே சட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தா.

சவர்க்கார விளம்பரம்.
நகைக்கடை விளம்பரம்.

பிறகு கடற்கரை வீதி.
சைக்கிளை உருட்டிக்கொண்டு வருகிறாள்.
போனை எடுக்கிறாள், பார்க்கிறாள்,
திரும்பவும் பைக்குள் வைக்கிறாள்.
அந்தக் கதையில் அவளுக்குக்
கூப்பிட ஆளில்லை.

கூப்பிட்டாள்.
ஆறு ஐம்பத்திரண்டுக்குக் கூப்பிட்டாள்.
"அண்ணா, காத்துப் போட்டுது, வாறியா?"
கடைசி ஓவர். பதினொரு ஓட்டம் வேணும்.
"மெல்ல மெல்ல நடந்து வா, வாறன்" என்றேன்
கண்ணை எடுக்காமல்.
இதே ரீவி.
இதே கதிரை.

பொலிசுக்குச் சொன்னேன்.
நீதவானுக்குச் சொன்னேன்.
பாவசங்கீர்த்தனத் தொட்டியில் முழங்காலில் நின்று
சுவாமிக்குச் சொன்னேன்.
வழக்குத் தவணைகளுக்கு வராத அம்மாவுக்கு மட்டும்
"போனில சார்ஜ் இருக்கேல்லை" என்றேன்.

திரையில் நான் இல்லை.
நான் இல்லாதபடியால் என் பிழையும் இல்லை.
அவள் தனியாக வந்தாள்,
அவள் எப்போதும் தனியாகத்தான் வருவாள்,
அவ்வளவுதான் கதை.
சுவாமிகூட
ஐம்பத்து மூன்று மணிச் செபம் சொல்லச் சொன்னவர்.
இவ்வளவு லேசாக
ஒருவரும் என்னை மன்னித்ததில்லை.

காலமை சந்தையில் மீன்காரி
யாருக்கோ சொல்லிக்கொண்டிருந்தா:
"பாவம் அந்தப் பிள்ளை,
ஒரு ஆம்பிளைச் சகோதரம் இருந்திருந்தா..."
என்னைக் கண்டதும் நிறுத்தி,
பையை வாங்கி,
விளைமீன் ஒன்று கூடப் போட்டா.
காசு வேண்டேல்லை.

இப்போது போனில் பார்க்கிறேன்.
மறுபடி, மறுபடி, அந்த வளைவு வரைக்கும்.
அதில் ஒரு கணம் நின்று
திரும்பிப் பார்க்கிறாள்.
நெறியாளரைத்தான் பார்த்திருப்பாள்,
இன்னொருக்கா நடக்கவோ என்று.
ஆனால் முகம் எங்கள் ஒழுங்கைப் பக்கம்.

அங்கே நிறுத்தி வைத்திருக்கிறேன்.
நாலு வீதம் என்கிறது போன்.
மூன்று.
சார்ஜர் உள்ளே கிடக்கிறது,
அம்மாவின் கட்டிலடியில்.
அம்மா இன்னும் நித்திரை இல்லை.