கீழ்ப்பல்

விடியுமுன் நாலரைக்குப் பணகுடியில்
அந்த ஓட்டுவீட்டு முன்னால் ஜீப் நின்றது.
தாளில் இருந்தது: மேற்படி சிறுமியை
முற்பகல் பத்தரைக்குள் மதுரைக் கிளை முன்
ஆஜர்படுத்துக.
ஆட்கொணர்வு மனு.
ஆள் மூன்றரை அடி. பெயர் ஜெனிலா.
ஒரு கால் சாக்ஸ் இறங்கிக் கிடந்தது.

ஆசீர் காற்றாலைக் கம்பெனிச் சட்டையோடே நின்றான்.
பஸ்ஸில் பின்னால் வருகிறானாம்.
சாப்பாட்டு டப்பாவை நீட்டி,
"முன்னால பாத்து உக்காரச் சொல்லுங்க மேடம்,
பக்கவாட்டுல பாத்தா வாந்தி எடுப்பா."
பதினோரு வருஷ சர்வீஸில்
எத்தனையோ பேரைக் கொண்டுபோயிருக்கிறேன்.
இப்படிக் குறிப்புச் சொல்லித் தந்தவன்
இவன் ஒருவன்தான்.

நாங்குநேரி தாண்டும்வரை தூங்கினாள்.
கயத்தாறில் விழித்து
என் விரலைப் பிடித்துக் கீழ்ப்பல்லில் வைத்தாள்.
"ஆடுது பாருங்க.
அம்மா வீட்டுல கூரையே கிடையாது,
மேல வேற ஆளு வீடு இருக்கு.
பல்லை எங்கன போட?"
பாளையங்கோட்டையில் மூன்று மாடிக் கட்டடம்,
பியூலாவுக்கு நடு மாடி. நர்ஸ், பாதி நாள் நைட் டூட்டி.
மனுவில் சட்டவிரோதக் காவல் என்று இருந்தது.
எதிர்மனுவில் வேறு வார்த்தைகள்.
இரண்டையும் படித்தவள் நான்.
வாந்தியும் இல்லை, கூரையும் இல்லை.

எண் கூப்பிடக் கால்மணி இருக்கையில்
கழிப்பறைக் குழாயடியில் விழுந்துவிட்டது.
கொப்பளிக்கக் கொப்பளிக்கச் சிவப்பு.
"போலீஸக்கா, ரத்தத்தைக் காட்டாதீங்க.
அப்பா அடிச்சாருன்னு எழுதிருவாங்க."
இதை எந்தச் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று கேட்டாளோ.
பல்லை என் சட்டைப்பையில்
விசிலுக்குப் பின்னால் போட்டு
பித்தானையும் அவளே மாட்டினாள்.

அறையில் நீதிபதி மெல்லத்தான் கேட்டார்.
மிட்டாய்கூட வைத்திருந்தார்.
யாரோட இருக்கணும் பாப்பா?
உதடு திறக்கவில்லை.
அப்பாவைப் பிடிக்குமா?
நாக்கு உள்ளே பள்ளத்தைத் தேடுவது
கன்னத்தில் தெரிந்தது.
அம்மாவை?
விழுங்கினாள். மிட்டாயை அல்ல.
கதவோரம் நின்றேன். கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.
கான்ஸ்டபிளிடம் யாரும் கேட்பதில்லை.
இல்லை, அதுவும் பொய்.
கேட்காமலும் சொல்லியிருக்கலாம்.

இளம் வயதையும்,
தந்தையைப் பற்றிக் கேட்டபோது சிறுமி காத்த மௌனத்தையும்
கருத்தில் கொண்டு, என்று வாசித்தார்கள்.
இரண்டாம் சனி, நான்காம் சனி,
பத்திலிருந்து ஐந்துவரை அப்பா.

பியூலா ஓடிவந்து அள்ளவில்லை.
குனிந்து அந்தச் சாக்ஸை இழுத்துவிட்டாள்,
அப்புறம்தான் அழுதாள்.
"ஏட்டி, வாயைக் காட்டு" என்றாள்.
ஜெனிலா மாட்டேன் என்று தலையாட்டினாள்.
அம்மாவோடு போகவேண்டிய பிள்ளையாகவே இருக்கலாம்.
ஒருவேளை தீர்ப்பு சரி. அது எனக்குத் தெரியாது.
எனக்குத் தெரிந்தது ஒரு பல்தான்.

திரும்பும்போது ஆசீரை ஜீப்பிலேயே ஏற்றிக்கொண்டோம்.
சாத்தூர்வரை பேச்சில்லை.
"உள்ள என்ன சொன்னா?"
"ஒண்ணும் சொல்லல."
"ஒண்ணுமேயா?"
விரல் பித்தானைத் தொட்டு இறங்கியது.
அதற்கப்புறம் ஜன்னல் பக்கமே பார்த்துவந்தான்.
பாளையங்கோட்டைக்குப் பிரியும் ரோடு கடந்ததும்
வண்டியை நிறுத்தச் சொல்லி
இறங்கி ஓரமாய்க் குத்தவைத்து வாந்தி எடுத்தான்.
டிரைவர் தண்ணீர் கொடுத்தார்.
அது அவளுடைய பாட்டில்.

பணகுடியில் காற்றாடிகளின் சிவப்பு விளக்குகள்
விட்டு விட்டு எரிந்தன.
ஸ்டேஷனில் நாட்குறிப்பைத் திறந்து எழுதினேன்:
இரவு ஒன்பது இருபதுக்குத் திரும்பினேன்.
சிறுமி நலமுடன் ஆஜர்படுத்தப்பட்டு
உத்தரவுப்படி தாயிடம் ஒப்படைக்கப்பட்டாள்.
என் வசம் வேறு இனம் ஏதும் இல்லை.