கதவு திறப்பவர்

சிங்கநாயகத்துக்கு நாடகங்களில் கிடைத்ததெல்லாம் கதவுகள்.
யாரோ தட்டுவார்கள். அவர் திறப்பார்.
"ஐயா குளிக்கிறார், இருங்கோ" என்பார்.
அவ்வளவுதான்.
அதற்காகத் துறைமுகப் பண்டகசாலையில் லீவு எழுதி
இரவுத் தபால் ரயிலேறி,
மட்டக்களப்புப் பெட்டிகள் வந்து சேரும் கல்லோயா வரை இருந்தும்
அதற்கப்பால் ஒரு கிழவிக்கு இடம் விட்டு நின்றும்
கொழும்புக்குப் போவார்.

நான் அப்போது டொக்யார்ட் வீதியில் ரேடியோ திருத்துகிறவன்.
கடையில் ஒரு கறுப்பு வெள்ளை ரிவி.
எங்கிருந்தோ மலை தாண்டி வருகிற அலை
எங்கள் கடலைக் கண்டதும் குழம்பிவிடும்.
நான் கூரையில் ஏறி அன்ரெனாவைத் திருப்ப
கீழேயிருந்து கத்துவார்கள்:
"கோணேசர் பக்கம் கொஞ்சம்… கூடிப்போச்சு, கூடிப்போச்சு…
உப்புவெளிப் பக்கம் விடு…
வந்திட்டார்! ஆடாதை, அப்பிடியே பிடி!"
பிடித்துக்கொண்டு நிற்பேன்.
இறங்கி வருமுன் கதவு சாத்தியிருக்கும்.
பதினொரு நாடகம்.
ஒன்றிலும் நான் அவரைக் காணவில்லை.

எழுத்தோட்டத்தில் ஒருமுறை செங்கநாயகம்,
ஒருமுறை சிங்கராயர்,
மற்றபடி 'மற்றும் பலர்'.
"பலரிலை நான் மூன்றாவது" என்பார்.

ஒருதரம் பிணம். வசனமில்லை, காசு கூட.
மூக்கில் பஞ்சோடு கிடந்தவரின் நெஞ்சு
ஏறி இறங்கியதை மூன்றாம் குறுக்குத்தெரு முழுக்கக் கண்டது.
சந்தையில் சூடை விற்கும் பிலோமினா
"பிணத்துக்கு எத்தினை கிலோ போட?" என்றாள்.
அவர் கோபிக்கவில்லை.
"நிப்பாட்டச் சொல்ல மறந்திட்டாங்கள், பிள்ளை.
மனுசன் எவ்வளவு நேரம் செத்துக் கிடக்கிறது?"

பிறகு ஒரு சிங்கள நாடகம்.
முதன்முறையாகக் கதவில்லை, கடை.
தமிழ் முதலாளி, கடன் கொப்பி, உடைந்த சிங்களம்.
கந்தளாயில் வளர்ந்த அவருக்குச் சிங்களம் தண்ணீர் மாதிரி.
உடைக்கச் சொன்னார்கள்.
ரயிலில் வாய்க்குள்ளேயே
ஒவ்வொரு சொல்லாக உடைத்துப் பழகினாராம்.

எண்பத்தைந்தோ, ஆறோ.
கந்தளாயிலிருந்து திரும்பும் பஸ்.
இறக்கி வரிசையில் விட்டார்கள். அவருக்குப் பின்னால் நான்.
அடையாள அட்டையைப் பார்த்த சிப்பாய்ப் பொடியன்
முகத்தைப் பார்த்தான்.
"முதலாளி!" என்று கத்தினான்.
இன்னும் நாலு பேர் ஓடிவந்தார்கள்.
செய்து காட்டு என்றார்கள்.

அட்டையைக் கொப்பியாக விரித்தார்.
விரலை நாக்கில் தொட்டு
இல்லாத பக்கங்களைப் புரட்டினார்.
கடன் நாளைக்கு, காசு இன்றைக்கு என்று
அந்தப் பாழாய்ப்போன சிங்களத்தில் சொன்னார்.
அவர்கள் சிரித்தார்கள்.
நாங்களும் சிரித்தோம், வெயிலில், அட்டையைப் பிடித்தபடி.
ஏறுங்கள் என்றான்.

அவர் ஏறவில்லை.
மரத்தடியில் தனியாக இருத்தியிருந்த
இரண்டு பொடியன்களைக் காட்டி
அதே குரலில், அதே கொப்பியோடு,
"இவங்கள் என் கடன்காரர் மாத்தயா,
நீங்கள் வைத்துக்கொண்டால் எனக்கு யார் கட்டுவது?"
எழுதிக்கொடுக்காத வசனம்.
சிரிப்பு வர நேரமெடுத்தது.
ஒருவன் ஏறினான்.
மற்றவனின் அட்டை அதற்குள்
உள்ளே போய்விட்டிருந்தது.

தம்பலகாமம் சந்தி வரை பேசவில்லை.
பிறகு, யாரிடமென்றில்லாமல்:
"கொஞ்சம் முந்தித் தொடங்கியிருக்க வேணும்."

அடுத்த மாசம் கொழும்பிலிருந்து தந்தி.
அதே முதலாளி, பதின்மூன்று வாரம்.
கடைக்குக் கொண்டுவந்து காட்டினார்.
மேசையில் பின்மூடி இறுகாத ஒரு ரேடியோ கிடந்தது.
தந்தியை நாலாக மடித்து
இடுக்கில் செருகி அழுத்தினார். இறுகிவிட்டது.

அந்த ரேடியோவை எடுக்க எவரும் வரவில்லை.
இன்றைக்கும் வேலை செய்கிறது,
காலநிலை சொல்லும்போது மட்டும்
கொஞ்சம் கரகரக்கும்.