இரண்டு எண்ணும்வரை

சாட்ஸ்வொர்த்தில் எங்கள் வீட்டுக்கு
மூன்று சுவர்தான் முழுச் சொந்தம்.
நான்காவதில் பாதி
பக்கத்து வீட்டுப் படையாச்சிக்கு.
அவர்கள் குக்கர் கூவும்போதெல்லாம்
தம்பி விரல் மடக்குவான்:
மூணாவதுலதான் சிரிப்பு வரும் அக்கா,
முதல் ரெண்டும் சும்மா.

நான் கணக்கெழுதிய துணி ஆலை மூடிய வருஷம்.
தயாளனுக்குக் கார் தொழிற்சாலையில் இரவு ஷிப்ட்.
சாப்பாட்டு மேஜையில் ஒரே நோட்டு.
அவன் எழுதினால் ஆட்கள் விழுவார்கள்,
வாளி கவிழும்.
நான் எழுதினால் உட்கார்ந்து
ஒருவரை ஒருவர் பார்ப்பார்கள்.
இரண்டையும் சேர்த்ததில்
விழுந்தவனைத் தாண்டிப் போய்
தேநீருக்குச் சர்க்கரை தேடும்
ஒரு குடும்பம் கிடைத்தது.
பத்து மணிக்கு அப்பா வந்து விளக்கை அணைப்பார்.
கரண்டுக்கு உங்க டிவிக்காரனா காசு குடுப்பான்?
மிச்சத்தை இருட்டில் வாயால் எழுதுவோம்.

ஜோகன்னஸ்பர்க் வாங்கிக்கொண்டது.

முதல் கூட்டத்திலேயே தயாரிப்பாளர் கேட்டார்:
அத்தை இன்னும் கொஞ்சம்
இந்தியராகப் பேசலாமே?
கொஞ்சம்னா எத்தனை கிலோ, என்றான் தயாளன்.
அவர் சிரித்தார். அந்த வாரம் தப்பித்தோம்.
அடுத்த வாரம் தப்பவில்லை.

எழுதியது ஆங்கிலத்தில்.
எங்கள் தலைமுறைக்குத் தமிழில் மிஞ்சியது
தேவாரமும் திட்டும்.
திட்டை மட்டும் வசனத்தில் சேர்த்தோம்.
அத்தை கழுதை என்றால்
திரையின் அடியில் 'அன்பே' என்று ஓடியது.
அதை மொழிபெயர்த்தவர் யாரென்று தெரியாது.
எங்களைவிடக் கெட்டிக்காரர்.

சிரிப்பைப் பதிவு செய்ய
சமூகக் கூடத்தில் நூறு நாற்காலி போட்டார்கள்.
மழை. வந்தது நாற்பது பேர்.
தலை எண்ணிக்கைக்காக நானும் உட்கார்ந்தேன்.
என் வரிகளுக்குச் சிரிக்கக் கூச்சம், அடக்கினேன்.
அவன் வரிகளுக்கு
மூக்கால் வரும் அந்தப் பன்றிச் சிரிப்பு,
பள்ளியில் எனக்குப் பட்டப்பெயர் வாங்கித் தந்தது,
அது ஒலிநாடாவில் ஏறிவிட்டது.

அப்பாவின் பெட்டி
உலைக்குள் நகரும் நேரம் பார்த்து மின்வெட்டு.
இருட்டில் என் காதோரம் தயாளன்:
போற போக்கிலயும் விளக்க அணைச்சிட்டாரு பாரு.
முந்தானையை வாயில் திணித்துக்கொண்டேன்.
தோள் குலுங்குவதைப் பார்த்த சித்தி
அழு, நல்லா அழு என்று அணைத்துக்கொண்டாள்.

நாலு மாதம் கழித்து, ஆறாவது எபிசோட்.
சுடுகாடு. மின்வெட்டு. அதே வரி.
யாரோ ஒரு நடிகை
முந்தானையை வாயில் திணித்தாள்.

வரி அவனுடையது.
முந்தானை?

அடுத்த வாரம் பெயர்ப் பட்டியலில்
மோகாம்பரி இல்லை.
நீக்கச் சொன்னது நான்தான்.
காப்பீட்டு அலுவலகத்தில்
'வருந்துகிறோம்' என்று தொடங்கும் கடிதங்கள் எழுதினேன்.
அதற்கும் நேரக் கணக்கு உண்டு,
எந்த வரியில் இல்லை என்று சொல்வது.

சேனலிடம் காசில்லை.
இரண்டாம் பருவத்துக்கும் மூன்றாம் பருவத்துக்கும்
பழைய சிரிப்பையே வெட்டி ஒட்டினார்கள்.
செவ்வாய் ஏழரைக்கு
சோற்றைப் பிசைந்தபடி நான் வாய்மூடி இருக்க,
நான் எழுதாத வரிகளுக்கு
டிவிக்குள் நான் சிரித்தேன்.
படுமோசமான வரிகளுக்கும்.
மூக்கால். வெட்கமே இல்லாமல்.

மூன்றாம் வருஷம் ஒருநாள் இரவு பத்தரைக்குப் போன்.
நலமா இல்லை, மன்னிப்பு இல்லை.
அக்கா, மாமனார் கதவத் திறக்குறாரு.
உள்ள மருமகன், தலையில சட்டி மாட்டியிருக்கு.
மாமனார் என்ன சொல்வாரு?

ஒண்ணும் சொல்லமாட்டாரு.
கதவச் சாத்துவாரு.
ரெண்டு எண்ணு.
திரும்பத் திறந்து, சாப்பிட்டாச்சா, அப்படிம்பாரு.

போனில் சத்தமில்லை.
எண்ணுகிறான்.
ஒன்று முடிவதற்குள் சிரித்துவிட்டான்.
அவசரக்காரன், எப்போதும் அப்படித்தான்.

கழுதை, என்றேன்.
பிறகு, எபிசோடுக்கு எவ்வளவு தருகிறார்கள்
என்று கேட்டேன்.