கேமரா தப்பு

பத்தொன்பது வருஷம்.
என் பெயர் திரையில் வரும்போது
நாற்காலிகள் மடங்கும் சத்தம்தான் கேட்கும்.
ஆவணப்படம் ஒருநாளும் வாடகை கட்டியதில்லை.
கட்டியவை வளசரவாக்கத்துக் கல்யாண மண்டபங்கள்,
ஒரு நகைக்கடை,
மருந்துக் கம்பெனியின் ஆண்டுவிழா.

வடபழனியில் மூன்றாம் மாடி அறை.
நாற்பத்திரண்டு ஹார்ட் டிஸ்க்.
பிளாஸ்திரி ஒட்டிப் பேனாவில் எழுதியிருக்கிறேன்:
எண்ணூர் சாம்பல். பள்ளிக்கரணை குப்பை. காசிமேடு 2.
இரண்டு செத்துவிட்டன.
எவை என்று பார்க்கத் தைரியம் இல்லை.

போன செவ்வாய் தேசப்பன் வந்தார்.
செருப்பைக் கீழ்ப்படியிலேயே விட்டுவிட்டு
மூச்சு வாங்கியபடி.
'ஐஸ் விலை போராட்டத்துல
சங்கத் தலைவரு பேசுனத எடுத்தியேம்மா,
அவரு பின்னால எங்க வீட்டுல நின்னுக்கினு இருந்துச்சு.
நண்டுக் கூடையோட.
ரேஷன் கார்டுல இருக்கறத வுட்டா
வேற படமே இல்ல.'

படத்தில் அந்த ஷாட் நாற்பது விநாடி.
தலைவரின் இமைமுடிவரை துல்லியம்.
பின்னால் மஞ்சளாய் ஒரு கறை அசைகிறது.
அதுதான் அஞ்சலாட்சி.
கலங்க வைத்தவள் நான்.
அழகாக வருமென்று
லென்ஸை முழுக்கத் திறந்து வைத்திருந்தேன்.
அந்தப் பின்புலத்தை ஒருவர்
பத்திரிகையில் பாராட்டிக்கூட எழுதினார்.

வெட்டாத மூலத்தைத் திறந்தேன்.
மூன்றாவது கிளிப்பில் ஒரு லாரி ஹாரன்,
என் விரல் வழுக்குகிறது,
தலைவர் கரைந்துபோகிறார்.
ஒன்றேகால் விநாடி.
எடிட்டர் சிவப்பில் குறித்திருக்கிறார்: கேமரா தப்பு.

அந்தத் தப்புக்குள்
அவள் தெளிவாக நிற்கிறாள்.
மூக்குத்தியில் ஒரு கல் இல்லை.
கூடை விளிம்பேறும் நண்டைப்
பார்க்காமலே உள்ளே தள்ளுகிறாள்.
யாரையோ திட்ட வாயெடுக்கிறாள்.
லாரிக்காரனை, என்றேன்.

'இன்னொரு வாட்டி போடு.'
போட்டேன்.
'இன்னொரு வாட்டி.'
எத்தனை என்று எண்ணவில்லை.
பிறகு சிரித்தார்:
'என்னத்தாம்மா திட்டுது.
வழிய மறிச்சி மீன்பாடி வண்டிய வுட்டது நான்.'

அவர் போனில் ஏற்றிக் கொடுத்தேன்.
எவ்வளவு என்று கேட்டார்.
படியிறங்கும்போதும்
அந்த ஹாரன் கேட்டுக்கொண்டே போயிற்று,
ஒவ்வொரு மாடியிலும் ஒரு தரம்.

சிவப்புக் குறியை அழிக்கவில்லை.
தப்பு தப்புதான்.

நாளை குன்றத்தூரில் முகூர்த்தம், நாலரைக்கு.
நான்கு பேட்டரியும் சார்ஜில் இருக்கின்றன.
மாப்பிள்ளை வீட்டில் கேட்டிருக்கிறார்கள்:
பின்னாடி நிக்கிறவங்க எல்லாம் மங்கலா,
சினிமா மாதிரி வரணும்.
சரி என்று சொல்லி
அட்வான்ஸும் வாங்கியாயிற்று.