வருகைப் பதிவு

அன்று கோழி வறுத்திருந்தார்கள்.
ஆளுக்கொரு தொடை, மூன்று டோர்ட்டியா,
வியர்த்து நின்ற ஆரஞ்சுச் சோடா.
வாங்குமுன் ஒரு கையெழுத்து.
எழுதத் தெரியாதவர்க்கு நீல மை, கட்டைவிரல்.

நான் எழுதத் தெரிந்தவள்.
அர்காதியா ஷோல் என்று
வால் சுழித்து முழுப்பெயரும் எழுதினேன்.
தாளின் தலைப்பில் 'வருகைப் பதிவு' என்றிருந்தது.

அடுத்து அந்தத் தாளைப் பார்த்தது
கோபான் நீதிமன்றத்தில்.
தலைப்பு மாறியிருந்தது,
கையெழுத்து மாறவில்லை.
நிக்கலுக்காக மலையைத் தோண்ட
மனமொப்பி இசைந்தோர்
நூற்று நாற்பத்திரண்டு பேர்.

ஒரு கோழித்தொடைக்கு எத்தனை ஏக்கர் என்று
என் கொழுந்தன் பிலிபெர்த்தோ கணக்குப் போட்டான்.
வந்த விடையை யாரிடமும் சொல்லவில்லை.

பிறகு எங்களை நாங்களே கேட்டுக்கொண்டோம்.
பள்ளிக்கூட மேசைமேல் வாய் குறுகிய பானை.
கறுப்புச் சோளம் போட்டால் வேண்டாம்,
வெள்ளை போட்டால் வரட்டும்.
பாலுக்கு அழுத பிள்ளைக்கென்று
தோமித்திலா இன்னொரு மணி கேட்டாள்.
அதற்கொரு சண்டை.
"நம்மைவிட அதிக நாள்
இவன்தானே இங்கே கிடக்கப்போகிறான்?"
சண்டை முடிந்தது.

இருபது இருபதாக எண்ணினோம்,
கெக்சி மொழி எண்ணுகிற மாதிரி.
முப்பது இருபதும் பதினேழும் கறுப்பு.
நான்கு வெள்ளை.
ஒன்று யார் கை என்று எனக்குத் தெரியும்.
கம்பெனி லாரி ஓட்டுகிறவன்,
மகளுக்கு மூச்சிரைப்பு,
மருந்து விற்கிற விலை அப்படி.
பானையைக் கவிழ்த்தபோது
அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை.
நான் அவன் செருப்பைப் பார்த்தேன்.
என் செருப்பில் இருந்த அதே செம்மண்.

கண்ணாடி ஜாடியில் அடைத்துத்
தலைநகருக்கு ஏழு மணி நேரம், என் மடியில்.
வாசற் காவலன் சொன்னான்:
தின்பண்டம் உள்ளே கூடாது.
எங்கள் வழக்கறிஞர் மன்றாடி
அரக்கு முத்திரை வாங்கினார்.
சான்றுப்பொருள். அலமாரி எண் ஒன்பது.

அதற்குள் என் கணவனைக் கொண்டுபோனார்கள்.
குற்றம்: அத்துமீறி நுழைந்தது.
நுழைந்த இடம்:
அவன் தொப்புள்கொடி புதைந்த மேடு.
பதினோரு மாதம்.
ஞாயிறுதோறும் கம்பிக்குப் பின்னிருந்து
ஒன்றுதான் கேட்பான்:
ஓடை என்ன நிறம்?
ஒரே ஒரு ஞாயிறு பொய் சொன்னேன்.
அன்று அவன் நன்றாகச் சாப்பிட்டான்.

இரண்டு மழைக்காலம் கழித்து
ஜாடியைத் திறந்தார்கள்.
வண்டு விழுந்திருந்தது.
மாவாய் உதிர்ந்தது போக
முழுசாய்க் கறுப்பு ஐந்நூற்று மூன்று.
வெள்ளை நான்கையும் வண்டு தொடவில்லை.
நூற்றுப் பதினான்கு பேர்
மனம் மாறியதாகக் கொள்ளலாமா என்று
கம்பெனி வக்கீல் கேட்டார்.
நான் சிரித்துவிட்டேன்.
எச்சரித்தார்கள்.

பிறகு நீதிபதி என்னைக் கேட்டார், ஸ்பானிய மொழியில்.
ஆம் அல்லது இல்லை, வேறு பேச்சு வேண்டாம்.
எனக்கு ஸ்பானியம் வரும்.
அன்று வரவில்லை.
இன்க்கஃ, என்றேன்.

எங்கள் 'இல்லை' அது.
தொண்டை சட்டென்று மூடிக்கொண்டால்தான்
அந்தச் சொல் முடியும்.
தட்டச்சுக்காரர் நிமிர்ந்தார்.
இன்காவா? அது பெரு நாட்டு அரசரல்லவா?
கடைசி ஒலியை மறுபடி கேட்டார்.
மறுபடி மூடினேன்.
அவர் இயந்திரத்தில் அதற்கு எழுத்தில்லை.
ஓர் இடம் காலியாக விட்டார்.

பின்வரிசையில் தோமித்திலா சொன்னாள்,
இன்க்கஃ.
பேசப் பழகிவிட்ட அவள் பிள்ளையும்,
விளையாட்டென்று நினைத்து,
நாலைந்து தடவை.
கதவோரம் பிலிபெர்த்தோ எழுந்து நின்றான்,
கம்பெனித் தொப்பி கையில் கசங்க.
வாய் திறந்தான்.

மணி ஒன்று.
நீதிமன்றம் சாப்பாட்டுக்குக் கலைந்தது.

வெளியேறும் வழியில் ஒரு பெண்
பேனாவை நீட்டினாள்.
வருகைப் பதிவுதான் அம்மா, சும்மா ஒரு கையெழுத்து.
தலைப்பைப் படித்தேன்.
அடியில் பொடி எழுத்தைப் படித்தேன்.
தாளைத் திருப்பி
வெறும் பின்பக்கத்தையும்
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தேன்.
எனக்குப் பின்னால் வரிசை நீண்டது.
யாரும் அவசரப்படுத்தவில்லை.