இல்லை என்றாவது

விண்ணப்பம் கொடுத்தது ஆடியில்.
ரசீதின் ஊதா முத்திரை
இப்போது என் சட்டைப்பையின் நிறத்துக்கு வந்துவிட்டது.

எர்ணாவூர் சுனாமி குடியிருப்பிலிருந்து
விம்கோ நகர் ஸ்டேஷன், அங்கிருந்து தேரடி.
பதினோரு நிறுத்தம்,
வரைபடத்தில் நானே சிவப்புப் பேனாவால் இழுத்த கோடு.
வண்டி நிற்கிறது, இருபத்தைந்து இருக்கை.
தவணை நிற்பதில்லை,
ஐந்தாம் தேதி வந்துவிடுகிறது.

ஆபீசில் யாரும் மறுக்கவில்லை.
அதுதான் சங்கடம்.
கார்த்திகையில், "ஃபைல் மேலே போயிருக்கு."
தையில், "கீழே வந்திருக்கு."
மாடிப்படியிலேயே குடித்தனம் நடத்துகிறது போல.
பங்குனியில் ஆள் மாறிவிட்டார்.
புதியவர் ரொம்ப மரியாதையாக
முதலிலிருந்து சொல்லச் சொன்னார்.

கடல்காற்றுக்குப் பரிசீலனை கிடையாது.
சக்கரத்து மேல்தகட்டில் உப்பு பூத்தது.
கடைசி சீட்டில் பூனை மூன்று குட்டி போட்டது.
சாயங்காலம் பிள்ளைகள் ஏறி
"தேரடி, தேரடி, உள்ள போ" என்று விசில் ஊதுவார்கள்.
நான் தடுப்பதில்லை.

டயாலிசிஸுக்கு வாரம் மூன்று முறை
ஆட்டோவுக்கு அழும் ஹலிமா அக்கா கேட்டாள்:
"இல்லன்னுட்டாங்களா?"
"இல்லன்னுகூட சொல்லலக்கா."

தம்புசெட்டித் தெரு, இரண்டாம் மாடி.
வக்கீல் குணசுந்தரி கண்ணாடியைக் கழற்றிவிட்டுச் சொன்னார்:
"மறுத்தா அப்பீல் போகலாம்.
சும்மா இருந்தா எது மேல அப்பீல் போறது?
வாயத் திறக்கச் சொல்லி ரிட் போடுவோம்.
மாண்டமஸ்."
டயர் கம்பெனி பேர் மாதிரி இருந்தது எனக்கு.

என் கேஸ் நாற்பத்தேழாவது.
"பரிசீலனையில் உள்ளது" என்றார் அரசு வக்கீல்.
"எத்தனை மாதமாக?"
அவர் காகிதம் புரட்டினார்,
புரட்டிக்கொண்டே இருந்தார்.
எட்டு வாரத்துக்குள், மனுதாரரை விசாரித்து,
சட்டப்படி முடிவெடுக்க வேண்டும்.
அவ்வளவுதான். நாற்பத்தெட்டைக் கூப்பிட்டுவிட்டார்கள்.
கொடு என்று சொல்லவில்லையே என்றேன் வராந்தாவில்.
"அதைக் கோர்ட் சொல்லாது. சொல்லுன்னுதான் சொல்லும்."

குட்டிகள் மூன்றும் சீட்டிலிருந்து குதிக்கப் பழகின.
ஐம்பத்து நான்காம் நாள் பதிவுத் தபால்.
நிராகரிக்கப்படுகிறது.
காரணம்: கேட் அருகே சாலை அகலம் போதாது.

அந்தச் சாலையில்தான்
விடிய விடிய கன்டெய்னர் லாரி போகிறது.

சிரித்தேனா, என்னவோ செய்தேன்.
நம்பர் இருந்தது. தேதி இருந்தது.
பச்சை மையில், பேனா அழுந்திய
ஒரு மனிதக் கையெழுத்து இருந்தது.
பதினான்கு மாதத்தில் முதல்முறையாக
எதிரே யாரோ நிற்பது மாதிரி.

போனில் வக்கீலம்மா குரலில் அவசரம்:
"முப்பது நாள்தான் டைம். ட்ரிப்யூனல் போறோம்.
ரோட்டை அளந்து வெச்சிருங்க."

ராத்திரி பன்னிரண்டரை.
டேப்பின் ஒரு முனை என்னிடம்,
மறுமுனை எதிர்ச்சாரியில் என் மச்சான் தணிகையிடம்.
துறைமுகத்துக்குப் போகும் லாரி ஒன்று ஹாரன் அடித்தது.
விசில் பையன் நடுரோட்டில் நின்று
இரண்டு ஊது ஊதினான்.
நாற்பதடி கன்டெய்னர், மூச்சு விட்டு, நின்றது.

ஸ்டூலில் உட்கார்ந்து டார்ச் பிடித்திருந்த ஹலிமா அக்கா
அந்த உத்தரவின் ஜெராக்ஸைத் திருப்பி
முதுகில் எழுதிக்கொண்டாள்:
ஒன்பது மீட்டர் எண்பது.
"இன்னொரு தபா அள" என்றாள்.