பதினான்கு விநாடிகள்

அவனை எனக்குத் துண்டுதுண்டாகத்தான் தெரியும்.
ஒவ்வொரு துண்டும் பதினான்கு விநாடி.
பந்து கைக்கு வர ஆறு விநாடி இருக்கும்போது தொடங்கும்,
போனபின் எட்டு விநாடி ஓடும்.
அதற்கு மேல் பயிற்சியாளருக்குப் பொறுமை கிடையாது.

ஹல் நகரில், மைதானத்தின் கிழக்கு மாடிக்குக் கீழே
ஜன்னலில்லாத அறை என்னுடையது.
ஞாயிறு ஆட்டம். திங்கள் காலை ஏழு மணிக்குள்
பதினேழு பேரையும் அரிந்து, பெயர் ஒட்டி,
தட்டில் வைத்துவிட வேண்டும்.

ஜென்சன் ஹார்க்கர். வயது பத்தொன்பது.
எழுபத்தாறு கிலோ, நனைந்தால் எழுபத்தேழு.
ஒப்பந்தத்தில் கையெழுத்திட வந்தவன்
பேனா கொண்டுவரவில்லை.
என்னுடையதை வாங்கிப் போனான். திருப்பித் தரவில்லை.

பழைய ஏழாம் எண் கணுக்கால் உடைந்து கிடக்க
சட்டை இவன்மேல் விழுந்தது.
நூற்றுப்பத்து கிலோ எருமைகள்
எங்கே முட்ட என்று இவன் வாயைப் பார்த்து நின்றார்கள்.
இவன் கத்தினான்.
ஒலிப்பதிவில் கேட்டிருக்கிறேன்,
பள்ளி வேனைத் தவறவிட்டவன் குரல்.
ஆனால் போனார்கள்.
சொன்ன இடத்துக்குப் போய் முட்டினார்கள்.

ரக்பி லீக்கில் ஐந்து முறை விழுந்து எழலாம்.
ஆறாவது டாக்கிளில் பந்து கைமாறும்.
ஐந்துக்கும் ஆறுக்கும் நடுவே
யோசிக்கிற வேலை ஒருவனுக்குத்தான்,
மற்றவர்களுக்கு மூச்சு வாங்குகிற வேலை.

மூன்றாவது ஆட்டத்தில் கவனித்தேன்.
இடப்பக்கம் நீளமாக எறியப் போகும்போதெல்லாம்
நாக்கு நுனி இடது கடைவாயில் எட்டிப் பார்க்கும்,
கணக்குப் போடும் சின்னப்பிள்ளை மாதிரி.
இருபத்திரண்டு எறிதல். இருபத்திரண்டிலும்.

அறிக்கையில் எழுதினேன்: 'நாக்கு'.
பிறகு அழித்தேன்.
ஏன் என்று கேட்டால் இப்போதும்
என்னிடம் நேரான பதில் இல்லை.
ஓட்டி ஓட்டிப் பார்க்கையில்
அது ஒன்றுதான் அவனுடையதாக இருந்தது,
மற்றதெல்லாம் சொல்லிக் கொடுத்தது.

வாரிங்டனிலும் ஜன்னலில்லாத ஓர் அறை இருக்கும்,
அதில் தூக்கம் கெட்ட ஒருவன் இருப்பான் என்பது
எனக்குத் தெரியாததா?

எழுபத்தோராவது நிமிடம். நாங்கள் இரண்டு புள்ளி முன்னே.
நாக்கு எட்டிப் பார்த்தது.
பந்து கிளம்பும் முன்பே அவர்களுடைய விங்கர் கிளம்பினான்.
எண்பது மீட்டர். யாரும் தொடவில்லை.
பின்னால் ஓடிய ஒரே ஆள் ஜென்சன்.
கம்பத்தடியில் அவன் பந்தை வைத்து
எழுந்து, கூட்டத்துக்குக் கைகாட்டிய பிறகுதான்
இவன் போய்ச் சேர்ந்தான்.

அடுத்த வாரம் சட்டை வேறொருவன் முதுகில்.
இவனைக் கம்பிரியாக் கடலோரத்தில்
எழுநூறு பேர் பார்க்கும் சின்ன அணிக்கு
இரவல் கொடுத்தார்கள்.
இரவல். என் பேனா மாதிரி.

செப்டம்பரில் ஒரு நாள் கதவைத் தட்டினான்.
தோளில் பை, கையில் சிப்ஸ் பொட்டலம்,
விரலெல்லாம் எங்களூர்ச் சிவப்புத் தூள்.
"அந்த ஒன்றைப் போடுங்க."
எந்த ஒன்று என்று நான் கேட்கவில்லை.

பதினொரு முறை பார்த்தான். சிப்ஸ் ஆறியது.
பன்னிரண்டாவதில் திரைக்கு அருகே போய்
தன் கடைவாயைத் தானே தொட்டான்.
"உங்களுக்குத் தெரியுமா?"
தெரியும் என்றேன்.
கொஞ்ச நேரம் கணினியின் விசிறி மட்டும் பேசியது.
"எடுத்துக்குங்க" என்று பொட்டலத்தை நீட்டினான்.
ஒன்று எடுத்தேன்.

மார்ச். மழை. கேமராக் கண்ணாடியில் துளிகள்.
ஐந்து டாக்கிள் முடிந்து பந்து அவன் கையில்.
நாக்கு இடது கடைவாயில் எட்டிப் பார்த்தது.
படகில் எல்லோரும் ஒரே பக்கம் எழுந்தது போல
எதிரணி அந்தப் பக்கம் சரிந்தது.
அவன் வலப்பக்கம் போனான்,
கிட்டத்தட்ட நடந்தே.

திங்கள் காலை மணி ஆறே முக்கால்.
'டிரை' என்று ஒரு கோப்பு, 'பாஸ்' என்று ஒரு கோப்பு,
'தவறுகள்' என்று பெரிதாக ஒன்று.
நாக்குக்குக் கோப்பு இல்லை.
எட்டாவது விநாடியில் வெட்டவில்லை, ஓடவிட்டேன்.
எல்லோரும் அவன்மேல் விழுந்து, எழுந்து, கலைந்து,
கால்சட்டையில் கையைத் துடைத்தபடி அவன்
நடுக்கோட்டுக்குத் தனியாகத் திரும்புகிறான்.
நாக்கு இன்னும் வெளியே இருக்கிறது.
மறந்துவிட்டானா, அடுத்ததற்குத் தயாராகிறானா,
பெரிதாக்கிப் பார்த்தும் தெரியவில்லை.